பழைய ஸ்டாக்கருக்குக் கடைசி பேட்ச் எதற்கு? லேனுக்கு முன் பேசிவிடலாம்

சாட்ஸ்வொர்த்_ஸ்டாக்கர் எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். புரட்டாசி முடிந்து வரும் முதல் சனிக்கிழமை டர்பன் ஃபீனிக்ஸில் லேன் (ஒரே இடத்தில் கூடி, கணினிகளைக் கேபிளால் இணைத்து ஆடுவது) என்று முடிவாகிவிட்டது. ஆட்டம், ஸ்டாக்கர்: ஷேடோ ஆஃப் செர்னோபில். வருகிறவர்கள் வீட்டிலேயே அதற்குக் கடைசியாக வந்த திருத்தமான 1.0006 பேட்சைப் போட்டுக்கொண்டு வாருங்கள் என்று குழுவில் எழுதியிருந்தேன். அதற்கு இரண்டு மூன்று பேர் தனியாகக் கேட்டார்கள்: 2007இல் வந்த ஆட்டத்துக்கு இப்போது என்ன பேட்ச், டிஸ்கில் இருக்கிறபடி விளையாடினால் ஆகாதா என்று.

ஆகாது. காரணத்தைப் பொதுவிலேயே சொல்லிவிடுகிறேன்.

முதல் காரணம் எல்லோருக்கும் தெரிந்ததுதான். லேனில் ஒருவர் 1.0001, இன்னொருவர் 1.0004 என்று வந்தால் சர்வரில் சேரவே முடியாது. பாதி இரவு பதிப்பைச் சரிசெய்வதிலேயே போய்விடும். ஆனால் நான் பிடிவாதமாக இருப்பதற்குக் காரணம் அது மட்டும் இல்லை.

இந்த ஆட்டம் எந்த நிலையில் வெளிவந்தது என்று நினைத்துப் பாருங்கள். கீவ் நகரத்தில் ஜிஎஸ்சி நிறுவனம் வருடக்கணக்காக இழுத்துப் பிடித்து, தேதி தள்ளித் தள்ளி, 2007 மார்ச்சில் ஒருவழியாக வெளியிட்டது. டிஸ்கில் வந்தது அவசரத்தில் மூடிய மூட்டை. அப்புறம் 1.0001 தொடங்கி ஒவ்வொன்றாகப் பேட்ச் வந்தது. ஆரம்பப் பேட்ச்களைப் போட்டால் பழைய சேவ் திறக்காது, முதலிலிருந்து ஆட வேண்டும். ஆட்டத்தில் கார்டனிலிருந்து யந்தார் வரை போனவர்கள் மறுபடியும் அது தொடங்கும் சிதோரோவிச்சின் பதுங்குகுழியில் நின்றார்கள். 1.0006 வந்த பிறகு அந்த ஓட்டம் நின்றது. அந்த ஆட்களும் அடுத்தடுத்த ஆட்டங்களுக்குப் போய்விட்டார்கள். ஆக இனி இந்த ஆட்டம் எத்தனை வருடம் ஓடினாலும் அதிகாரபூர்வமாக இந்த நிலையில்தான் ஓடும். இதே வரிசையில் அடுத்து வந்த கிளியர் ஸ்கைக்கு 1.5.10, கால் ஆஃப் பிரிபியாட்டுக்கு 1.6.02, இதற்கு 1.0006. மோட் (ரசிகர்கள் ஆட்டத்தில் செய்யும் மாற்றம்) செய்கிறவர்கள், வழிகாட்டி எழுதுகிறவர்கள், ஆட்டம் நடுவில் நின்றுபோனால் காரணம் தேடுகிறவர்கள் எல்லோரும் சந்திக்கிற இடம் இந்த எண்தான். அந்த இடத்தில் நீங்கள் இல்லை என்றால் உங்கள் கேள்விக்குப் பதில் சொல்ல யாரும் இருக்க மாட்டார்கள்.

---

ஃபீனிக்ஸ்_ஃபிரேம் எழுதியது:

அண்ணா, கேட்டவர்களில் நானும் ஒருவன். நான் ஆடுவது ஏஎம்கே மோட். அது 1.0004க்காகச் செய்தது. அதன் மேல் 1.0006ஐப் போட்டால் மெனு வருவதற்கு முன்பே ஆட்டம் விழுந்துவிடுகிறது. எனக்கு 1.0004தான் நல்ல பதிப்பு. கடைசியாக வந்ததே சிறந்தது என்று ஏன் எடுத்துக்கொள்ள வேண்டும்?

இன்னொன்று, என் பெட்டி பழையது. 4 ஜிபி ரேம், விண்டோஸ் 7. ஓடிக்கொண்டிருப்பதைத் தொட எனக்கு மனமில்லை.

---

லெனேஷியா_லேன் எழுதியது:

தம்பி, ஏஎம்கேயை அழிக்கச் சொல்லி யாரும் கேட்கவில்லை. ஆட்டத்தின் ஃபோல்டரை அப்படியே இன்னொரு பெயரில் நகலெடுத்து வையுங்கள். ஒன்றில் 1.0004உம் ஏஎம்கேயும். இன்னொன்றில் மோட் எதுவும் இல்லாத 1.0006. சேவ் எங்கே போக வேண்டும் என்பதை எஃப்எஸ்கேம் கோப்பில் மாற்றலாம். இரண்டுக்கும் தனித்தனி இடம் கொடுத்துவிட்டால் ஒன்றின் சேவை இன்னொன்று தொடாது.

மோட் ஏன் உடைகிறது என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், இது தெரியாமல் பேட்சைத் திட்டுகிறவர்கள் நிறைய. ஸ்டாக்கரில் மோட் என்றால் பெரும்பாலும் கேம்டேட்டா ஃபோல்டருக்குள் போடும் கோப்புகள். ஆட்டம் ஒரு ஸ்கிரிப்டை (கட்டளைக் கோப்பை) தேடும்போது முதலில் அந்த ஃபோல்டரைப் பார்க்கும். அங்கே இருந்தால் தன் சொந்தக் கோப்பை விட்டுவிட்டு அதையே எடுத்துக்கொள்ளும். ஒரு வரி மட்டும் மாற வேண்டும் என்றாலும் மோட் செய்தவர் முழுக் கோப்பையும் வைத்திருப்பார். அந்தக் கோப்பு 1.0004இலிருந்து எடுத்தது. நீங்கள் 1.0006ஐப் போட்டாலும், அந்தக் கோப்பைப் பொறுத்தவரை அப்புறம் செய்த திருத்தம் எதுவும் வேலைக்கு வராது. புது எஞ்சின், அதாவது ஆட்டத்தை இயக்கும் நிரல், ஒரு மதிப்பைக் கேட்கும், பழைய ஸ்கிரிப்டில் அது இருக்காது. அவ்வளவுதான், ஆட்டம் விழுந்துவிடும்.

ஆகவே பேட்ச் வந்துகொண்டே இருக்கும் ஆட்டத்துக்குப் பெரிய மோட் செய்வது கடினமான வேலை. செய்து முடிப்பதற்குள் அடியில் இருப்பது மாறிவிடும். இனி எதுவும் மாறாது என்று தெரிந்த பிறகுதான் ஒருவர் இரண்டு மூன்று வருடம் உட்கார்ந்து வேலை செய்யத் துணிவார். ஓப்பன்எக்ஸ்ரே திட்டத்தையே பாருங்கள். கால் ஆஃப் பிரிபியாட்டின் 1.6.02ஐ அடிப்படையாக வைத்து எஞ்சினையே திருத்திக்கொண்டு இருக்கிறார்கள். அந்த எண் மாதாமாதம் நகர்ந்திருந்தால் அப்படி ஒரு வேலையை யாரும் தொட்டிருக்க மாட்டார்கள்.

---

மாரிட்ஸ்பர்க்_அக்கா எழுதியது:

லெனேஷியா அண்ணா சொன்னது சரி. அதே காரணத்தால்தான் எனக்கு இதில் ஒரு மறுப்பு இருக்கிறது. கடைசி பேட்ச் கடைசியாகவே இருந்தால்தான் நல்லது. அப்படி இருப்பதில்லையே.

ஃபால்அவுட் 4 வந்தது 2015இல். எல்லாம் அடங்கிவிட்டது என்று நம்பி, ஃபால்அவுட்: லண்டன் என்ற பெரிய மோடை ரசிகர்கள் வருடக்கணக்கில் செய்தார்கள். 2024 ஏப்ரல் 23 அன்று வெளியிடுவதாக இருந்தது. அதே மாதம் 25ஆம் தேதி ஆட்டத்துக்குப் புதிய அப்டேட் வருகிறது என்று அறிவிப்பு. இவர்கள் தேதியைத் தள்ளிப்போட்டு, ஜூலையில் வெளியிட்டார்கள். அதைப் போட வேண்டுமென்றால் முதலில் ஆட்டத்தைப் பழைய பதிப்புக்குத் திருப்ப வேண்டும். ஸ்கிரிப்ட் எக்ஸ்டெண்டர் என்ற துணைக் கருவியை நம்பியிருந்த மற்ற மோட்களும் அந்த ஏப்ரல் மாதம் நின்றுபோயின. ஒன்பது வருடம் கழித்து!

ஸ்டீம் என்ற இணையக் கடையில் வாங்கினால் நாம் கேட்காமலேயே அப்டேட் இறங்கிவிடும். ஃபைபர் இல்லாத வீட்டில் மொபைல் டேட்டாவில் ஆடுகிற எனக்கு அதில் இரட்டை நஷ்டம். டேட்டாவும் போகும், சேவும் போகும். நான் டிஸ்க் பதிப்பையும், ஆட்டங்கள் விற்கும் காக் தளத்தின் ஆஃப்லைன் இன்ஸ்டாலரையும் விடாமல் பிடித்துக்கொண்டிருப்பது அதனால்தான். ஒரு முறை இறக்கி ஹார்ட் டிஸ்கில் வைத்துவிட்டால் யாரும் வந்து மாற்ற முடியாது.

---

சாட்ஸ்வொர்த்_ஸ்டாக்கர் எழுதியது:

அக்கா, நீங்கள் சொன்ன ஃபால்அவுட் 4 கதை எனக்கு மிகவும் வருத்தம் தந்த ஒன்று. ஆனால் அதைக் கடைசி பேட்ச் என்று நான் கணக்கில் எடுக்க மாட்டேன். அது புதிய தலைமுறை கன்சோல்களையும் புதிதாக வருகிறவர்களையும் மனதில் வைத்துச் செய்த வேலை. நான் சொல்வது வேறு: இனி நாங்கள் இருக்க மாட்டோம், எங்கள் உதவி இல்லாமல் இது ஓட வேண்டும் என்று தெரிந்து செய்கிற பேட்ச். எதைச் சேர்க்கலாம் என்று அங்கே யோசிக்க மாட்டார்கள். எது அறுந்தால் ஆட்டம் நிற்குமோ அதைத் தேடி எடுப்பார்கள்.

அதே ஃபால்அவுட் வரிசையில் நல்ல உதாரணமும் இருக்கிறது. ஃபால்அவுட் 3 (2008) கணினியில் கேம்ஸ் ஃபார் விண்டோஸ் லைவ் என்ற சேவையோடு கட்டிப்போடப்பட்டிருந்தது. அந்தச் சேவையைக் கைவிட்ட பிறகு புது விண்டோஸில் ஆட்டத்தைத் திறப்பதே பெரும்பாடு. 2021 அக்டோபரில் ஒரு அப்டேட் வந்து அந்தக் கட்டை அவிழ்த்துவிட்டது. ஆமாம், அப்போதும் ஸ்கிரிப்ட் எக்ஸ்டெண்டர் உடைந்தது, அதைச் செய்தவர்கள் புதிதாக ஒன்று வெளியிட வேண்டியிருந்தது. ஆனால் கணக்குப் போட்டுப் பாருங்கள். ஒரு பக்கம் சில வாரச் சிரமம், இன்னொரு பக்கம் ஆட்டத்தைத் திறக்கவே முடியாமல் போவது.

ஸ்டாக்கருக்கே 2025 மே மாதம் மேம்படுத்திய பதிப்பு வந்தது. அதைப் பழையதன் மேல் எழுதாமல் தனியாகக் கொடுத்தார்கள். பழைய 1.0006 பழையபடியே இருக்கிறது. இதுதான் சரியான முறை என்று நினைக்கிறேன்.

---

போர்ட்லூயி_பிங் எழுதியது:

மொரீஷியஸிலிருந்து வணக்கம். லேனுக்கு வர முடியாது, ஆனால் இந்தப் பேச்சில் சேராமல் இருக்க முடியவில்லை.

நான் ஆர்மா 2 என்ற ராணுவ ஆட்டத்தின் காலத்து ஆள். 2012இல் டீன் ஹால் அதற்கு டேஇசட் மோடைச் செய்தபோது எங்கள் தெருவில் கணினி வைத்திருந்த பையன்கள் எல்லோரும் அதில்தான் கிடந்தோம். பசி, தாகம், இரத்தப்போக்கு, எதிரே வருகிறவன் நல்லவனா கெட்டவனா என்ற பயம். சர்வைவல் ஷூட்டர் (சுட்டுக்கொண்டே உயிர் பிழைக்கும் ஆட்டம்) என்று இன்று சொல்கிற வகைக்குப் பெரிய தள்ளு கொடுத்தது அந்த மோட்தான்.

சர்வர் பட்டியல் அப்போது கேம்ஸ்பை என்ற இணையச் சேவை வழியாக வந்தது. 2014 மே 31 அன்று கேம்ஸ்பை மூடியது. ஒரே நாளில் எத்தனையோ ஆட்டங்களின் மல்டிபிளேயர் இருண்டுபோனது. ஆனால் அதைச் செய்த பொஹீமியா நிறுவனம் ஐந்து வயதான ஆர்மா 2ஐ அப்படி விடவில்லை. 1.63 பேட்சில் எல்லாவற்றையும் ஸ்டீமுக்கு மாற்றிவிட்டார்கள். ஆர்மா 3 விற்பனையில் இருந்த நேரம் அது. பழையதை விட்டுவிட்டுப் புதியதை வாங்குங்கள் என்று சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. அந்த ஒரு பேட்சால் ஆர்மா 2இன் ஆயுள் நீண்டது.

அதற்கு நேர் எதிர், ஹெச்1இசட்1 என்ற ஆட்டம். 2015 ஜனவரியில் வந்தபோது நானும் பணம் கொடுத்து வாங்கினேன். பிறகு அதன் சர்வைவல் பகுதியைத் தனியாகப் பிரித்து ஜஸ்ட் சர்வைவ் என்று பெயர் வைத்தார்கள். 2018 அக்டோபர் 24 அன்று சர்வர்களை அணைத்தார்கள். வீட்டில் சர்வர் வைத்துக்கொள்ள வழி இல்லை, தனியாக ஆடவும் வழி இல்லை. கடைசியாக ஒரே ஒரு பேட்ச் கொடுத்து, ஐபி எண் போட்டுச் சேர்கிற மாதிரி விட்டிருந்தால் பத்துப் பேராவது இன்றும் ஆடிக்கொண்டிருப்பார்கள். என் லைப்ரரியில் பெயர் மட்டும் இருக்கிறது.

நம் பக்கத்துக்கு இது இன்னும் பெரிய விஷயம். எங்கள் தீவுக்கு வெளியுலகம் கடலடிக் கேபிள் வழியாகத்தான். ஐரோப்பிய சர்வருக்கு இங்கிருந்து பிங் (தகவல் போய்த் திரும்பும் நேரம்) எவ்வளவு என்று எல்லோருக்கும் தெரியும். நாம் சுட்ட குண்டு அங்கே போய்ச் சேர்வதற்குள் அவன் சுவருக்குப் பின்னால் போயிருப்பான். பக்கத்தில் சர்வர் வைத்துக்கொள்ளும் உரிமை இருந்தால்தான் நமக்கு அது ஆட்டம்.

---

டொங்காட்_கரும்புக்காடு எழுதியது:

இங்கே வயதில் மூத்தவன் நான்தான் போலிருக்கிறது, கொஞ்சம் பழைய கதை சொல்கிறேன். 2007இல் வீட்டில் ஏடிஎஸ்எல் இருந்தாலும் மாதத்துக்கு 3 ஜிபி என்று வரம்பு. பேட்ச் இறக்குவது வீட்டில் எல்லோரையும் கேட்டுச் செய்கிற காரியம். நாக் என்ற கேம் இதழோடு வரும் டிவிடியில் டெமோவோடு பேட்சும் இருக்கும், அதற்காகவே அந்த இதழை வாங்கியிருக்கிறேன். ஒருவர் வாங்குவார், அந்த டிவிடி தெரு முழுக்கச் சுற்றும். ஸ்டாக்கர் பேட்சில் இன்னொரு தொந்தரவும் இருந்தது: அமெரிக்கப் பதிப்புக்குத் தனி, மற்ற நாடுகளுக்குத் தனி. மாற்றிப் போட்டால் ஏறாது.

இப்போது நான் சொல்ல வந்தது மின்சாரம். தென்னாப்பிரிக்காவில் விளையாடுகிறவனுக்குப் பேட்ச் ஏன் முக்கியம் என்று கேட்டால் நான் முதலில் சேவைத்தான் சொல்வேன். 2008இல் வீடு இருண்ட நாட்களும் தெரியும், 2019 டிசம்பரில் முதல் முறையாக ஆறாம் நிலை மின்வெட்டு அறிவித்ததும் தெரியும், 2023 முழுக்க மின்வெட்டு அட்டவணையைப் பார்த்துச் சமைத்ததும் தெரியும். ஆட்டம் சேவ் எழுதிக்கொண்டிருக்கும் அந்த நொடியில் கரண்ட் போனால் கோப்பு பாதியில் நிற்கும். குவிக்சேவ் ஒரே கோப்பின் மேல் எழுதும் வகை என்றால் பழையதும் இல்லை, புதியதும் இல்லை.

சரியாகச் செய்த ஆட்டத்தில் புது சேவைத் தற்காலிகப் பெயரில் முழுக்க எழுதி முடித்த பிறகுதான் பழையதன் இடத்துக்கு மாற்றுவார்கள். சில வரிதான் வேலை. ஒரு ஆட்டத்தைக் கைகழுவுவதற்கு முன் அதைச் செய்துவிட்டுப் போக வேண்டும் என்று நான் ஆசைப்படுகிறேன். நம்மைப் போன்ற ஊர்களில் அது படத்தின் தெளிவைவிடப் பெரிய உதவி.

---

ஃபீனிக்ஸ்_ஃபிரேம் எழுதியது:

ஐயா, ஸ்டாக்கர் 1.0006 அப்படிச் செய்கிறதா?

---

லெனேஷியா_லேன் எழுதியது:

அதை நம்பி உட்கார வேண்டாம் தம்பி. குவிக்சேவை மட்டும் நம்பாமல் மெனுவில் போய் வேறு பெயரில் அடிக்கடி சேவ் செய்யுங்கள். ஆட்டத்தை மூடியதும் சேவ்டுகேம்ஸ் ஃபோல்டரை வேறு டிஸ்குக்கு நகலெடுத்து வையுங்கள். ஒரு சின்ன யுபிஎஸ் வாங்க முடிந்தால் இன்னும் நல்லது. 2024 மார்ச் 26 அன்று மின்வெட்டை நிறுத்தினார்கள், ஆனால் 2025 தொடக்கத்தில் சில நாள் திரும்பி வந்ததை மறந்துவிடாதீர்கள்.

டொங்காட் ஐயா சொன்னதோடு நானும் ஒன்று சேர்க்கிறேன். கடைசி பேட்ச் டிஸ்க் சோதனையை (அசல் டிஸ்க் உள்ளே இருக்கிறதா என்று பார்ப்பதை) எடுத்துவிட வேண்டும். 2015இல் விண்டோஸ் 10 வந்தபோது சேஃப்டிஸ்க் பாதுகாப்பு போட்ட ஆட்டங்களை அது ஓடவே விடவில்லை. அந்தப் பாதுகாப்பின் டிரைவர் கணினிக்கே ஆபத்து என்பதால் மைக்ரோசாஃப்ட் எடுத்த முடிவு அது, அதைக் குறை சொல்ல முடியாது. ஆனால் காசு கொடுத்து வாங்கிய டிஸ்க் அலமாரியில் இருக்க, ஆட்டம் திறக்காது. சோதனையை நீக்கிய பேட்ச் இருந்த ஆட்டங்களுக்கு இந்தப் பிரச்சினை வரவே இல்லை. விற்பனை முடிந்த பிறகு அந்தப் பூட்டால் யாருக்கும் லாபம் கிடையாது. கழற்றிவிட்டுப் போகலாமே.

ஃபீனிக்ஸ் தம்பிக்கு இன்னொரு எச்சரிக்கை. 2024 ஜனவரி 1 முதல் ஸ்டீம் விண்டோஸ் 7ஐ ஆதரிப்பதில்லை. உங்கள் ஸ்டாக்கர் ஸ்டீம் பதிப்பா, டிஸ்க்கா?

---

ஃபீனிக்ஸ்_ஃபிரேம் எழுதியது:

டிஸ்க். என் மாமா கொடுத்தது.

---

மாரிட்ஸ்பர்க்_அக்கா எழுதியது:

சாட்ஸ்வொர்த் அண்ணா பிரித்துச் சொன்ன விதம் எனக்குப் பிடித்திருக்கிறது, பாதி ஒத்துக்கொள்கிறேன். மீதிப் பாதி இதுதான்: நல்ல மனதோடு பேட்ச் போடுகிறவர்களும் முந்தைய பதிப்பை எடுத்துக்கொள்ள வழி விட வேண்டும். ஸ்டீமில் பழைய பதிப்பைத் தனிக் கிளையாக வைக்க நிறுவனங்களுக்கு வசதி இருக்கிறது. காக் தளத்தில் முந்தைய பதிப்புக்குத் திரும்பவும் முடிகிறது. அதைச் செய்யாமல் புதியதை மட்டும் திணிப்பவர்கள் ஆட்டக்காரர்களை மதிக்கவில்லை என்றுதான் சொல்வேன்.

லெஃப்ட் 4 டெட் 2 பற்றி யாரும் பேசவில்லையே? 2009 ஆட்டம். 2020 செப்டம்பரில் ரசிகர்கள் செய்த தி லாஸ்ட் ஸ்டாண்ட் என்ற பெரிய அப்டேட்டை ஆட்டத்தின் நிறுவனமான வால்வ் தன் பெயரிலேயே வெளியிட்டது. புதிய பகுதியோடு பழைய குறைகள் பலவற்றையும் சரிசெய்தார்கள். நிறுவனத்துக்கு நேரம் இல்லையென்றால் நேரமும் அக்கறையும் உள்ளவர்களிடம் வேலையைக் கொடுத்து, அதற்கு அதிகார முத்திரை போட்டால் போதும். எனக்குத் தெரிந்து இதைவிட அழகாக ஒரு பழைய ஆட்டத்தைக் கவனித்தவர்கள் குறைவு.

---

போர்ட்லூயி_பிங் எழுதியது:

அக்கா சொல்வது போல எல்லா நிறுவனமும் தானாகச் செய்யுமா என்றால் சந்தேகம்தான். அதனால்தான் ஸ்டாப் கில்லிங் கேம்ஸ் இயக்கத்துக்கு நான் ஆதரவு. யூபிசாஃப்ட் 2024 மார்ச் 31 அன்று தி க்ரூ பந்தய ஆட்டத்தின் சர்வர்களை மூடியது. தனியாக ஆடுவதும் அதோடு போனது. அதைத் தொடர்ந்து ராஸ் ஸ்காட் என்பவர் தொடங்கிய இயக்கம் இது. ஐரோப்பிய ஒன்றியத்தில் கொடுத்த மனு 2025 ஜூலையில் 10 லட்சம் கையெழுத்தைத் தாண்டியது. மொரீஷியஸ்காரனும் தென்னாப்பிரிக்கக்காரனும் அதில் கையெழுத்துப் போட முடியவில்லை, ரீயூனியனில் இருப்பவர்கள் பிரெஞ்சுக் குடிமக்கள் என்பதால் போட முடிந்தது. அவர்கள் கேட்பது சர்வரை எப்போதும் ஓட்டு என்பது இல்லை. மூடும்போது ஆட்டம் ஓடுகிற நிலையில் விட்டுப் போ என்பதுதான். நாம் இங்கே பேசிக்கொண்டிருக்கும் கடைசி பேட்ச்தான் அது.

---

சாட்ஸ்வொர்த்_ஸ்டாக்கர் எழுதியது:

போர்ட் லூயி தம்பிக்கு என் முழு ஆதரவு. 2024 மார்ச்சில் ஐவரி கோஸ்ட் பக்கம் கேபிள்கள் அறுந்து, மே மாதம் கிழக்குக் கடற்கரைக் கேபிள்களும் அறுந்தபோது, நெட் இல்லாமல் திறக்காத ஆட்டங்கள் எல்லாம் சும்மா கிடந்தன. லேனில் ஓடுகிற பழைய ஆட்டங்கள்தான் அன்று கைகொடுத்தன. அப்படி ஓட ஒரு ஆட்டத்தைத் தயார்செய்து விட்டுப் போகிற நிறுவனத்தின் மேல் எனக்கு மரியாதை கூடும், அடுத்த ஆட்டத்தை யோசிக்காமல் வாங்குவேன். ஸ்டாக்கர் 2 2024 நவம்பரில் வந்தபோது அப்படித்தான் வாங்கினேன். போர் நடக்கும் நாட்டிலிருந்து, பாதிப் பேர் பிராகுக்கு இடம்பெயர்ந்து முடித்த ஆட்டம் அது.

சரி, லேன் விஷயத்துக்கு வருகிறேன். அவரவர் டிஸ்க் எந்த நாட்டுப் பதிப்பு என்று பார்த்துச் சொல்லுங்கள். இரண்டு வகை 1.0006உம் என் யுஎஸ்பியில் இருக்கிறது, டேட்டா செலவு செய்ய வேண்டாம். ஃபோல்டரை நகலெடுக்காமல் பேட்ச் போட வேண்டாம். ஆர்ட்டிஃபாக்ட் ஹண்ட் என்ற குழு ஆட்டம் முதலில், மற்றது அப்புறம்.

---

ஃபீனிக்ஸ்_ஃபிரேம் எழுதியது:

லெனேஷியா அண்ணா சொன்னபடி இரண்டு ஃபோல்டர் செய்துவிட்டேன். ஏஎம்கே தொடாமல் இருக்கிறது, சேவும் தனியாகப் போகிறது. டிஸ்க் உறையில் ஆட்டத்தை வெளியிட்ட டிஹெச்க்யூ முத்திரையும் அமெரிக்க வயது வரம்புக் குறியும் இருக்கிறது, அப்படியென்றால் அமெரிக்கப் பதிப்புதானே? பேட்சை அங்கே வந்து போட்டுக்கொள்கிறேன்.

---

டொங்காட்_கரும்புக்காடு எழுதியது:

அமெரிக்கப் பதிப்புதான். சீக்கிரம் வந்துவிடுங்கள் தம்பி, பெட்டிகளை இணைப்பதற்கு முன் போட்டுவிடலாம். நெட்வொர்க் சுவிட்சும் கேபிள்களும் நான் கொண்டுவருகிறேன். புரட்டாசி முடிந்துவிடும் என்பதால் மட்டன் பன்னி சௌ (ரொட்டிக்குள் கறிக்குழம்பு நிரப்பியது) வேண்டுமென்பவர்கள் வெள்ளிக்கிழமைக்குள் சொல்லுங்கள்.